ராசா மெட்டு, அம்மன் பாட்டு

கோவில்பட்டி வீட்டில் பேத்தி வயலினில் புதுப்பாடம் வாசித்ததும், பேப்பர் படித்துக்கொண்டிருந்த தாத்தா நிமிர்ந்தார். பட்டாளத்து பேண்டில் கிளாரினெட் வாசித்து ஓய்வுபெற்றவர் அவர்.

“இது இங்கிலாந்து ராசா பாட்டுல்லா! கயத்தாறுல கட்டபொம்மனைத் தூக்குல போட்டவன் பாட்டையா சொல்லிக் குடுக்காங்க?”

“இல்ல தாத்தா, இது தீட்சிதர் பாட்டு. நோட்டுஸ்வரம்னு டீச்சர் சொன்னாங்க.”

இருவர் சொன்னதும் சரிதான். கம்பெனிக் காலத்தில் சென்னையில் வெள்ளைக்காரர்களின் பேண்டு வாசித்த மெட்டுகளைக் கேட்ட முத்துசுவாமி தீட்சிதர், அவற்றுக்கு சமஸ்கிருதத்தில் பாட்டுக் கட்டினார். எல்லாம் சங்கராபரணம். இன்றும் குழந்தைகளுக்குச் சொல்லித்தரும் ‘சக்தி சஹித கணபதிம்’ அவற்றில் ஒன்று. ‘காட் சேவ் த கிங்’ மெட்டில் அவர் வேண்டியது ராசாவை அல்ல, சியாமளா அம்மனை.

வெள்ளைக்காரர் கொண்டுவந்த வயலினைக் கற்று, நம் கச்சேரிக்குப் பழக்கியவர் தீட்சிதரின் தம்பி பாலுசுவாமி. பிறகு எட்டயபுரம் அரண்மனை வித்வானானார். 1835இல் தீட்சிதர் காலமானதும் அதே ஊரில்தான்.

மறு ஞாயிறு இருவரும் எட்டயபுரத்துக்கு பஸ் ஏறினார்கள். சமாதி முன்னால் பேத்தி அந்தப் பாட்டை மெல்லப் பாடினாள். தாத்தா செருப்பைக் கழற்றிவிட்டு நின்று, தொடையில் தாளம் போட்டார்.