இடுப்பில் ஒரு மித்ரில்

1993-ல் திருவல்லிக்கேணி மேன்ஷன் ஒன்றில் நான் குடியேறியபோது என் சொத்துக் கணக்கு இதுதான்: டிரங்குப் பெட்டி ஒன்று, பேன்ட் சட்டை மூன்று செட், வேலை உத்தரவு, இடுப்பில் ஒரு வெள்ளி அரணாக்கொடி.

முதல் மூன்றையும் யாரும் கண்டுகொள்ளவில்லை. நாலாவதை மறுநாள் காலை பாத்ரூம் க்யூவிலேயே கண்டுபிடித்துவிட்டார்கள்.

"சார்... பேருக்கு வைக்கறதுக்கு முன்னாடி கட்டினதா, அப்புறமா?" என்றது வாளியோடு நின்ற ஒரு குரல். அன்றிலிருந்து மேன்ஷனில் எனக்குப் பெயர் 'பாப்பா'.

அது அப்பாவுடையது. மன்னார்குடி பஸ் ஸ்டாண்டில், டீக்கடைக்குப் பின்னால் போய், சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டு தன் இடுப்பிலிருந்து கழற்றினார். "கட்டிக்க தம்பி. பட்டணம்" என்றார். அவ்வளவுதான் பேச்சு. எதற்கு, என்ன விலை, யார் செய்தது... ஒன்றும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. பஸ் புறப்படுகிற அவசரம்.

அடுத்த வருஷ தீபாவளிக்கு அதை வட்டிக்கடையில் வைத்தேன். காரணம் கேட்டால் சிரிப்பீர்கள். மெஸ் பாக்கி, பஸ் டிக்கெட், அப்புறம் ஊருக்கு வெறுங்கையோடு போகக்கூடாதே என்று அப்பாவுக்கு ஒரு கரை வேட்டி! கடைக்காரர் தராசில் போட்டார், உரசிப் பார்த்தார். "நல்லா தேஞ்சு போயிருக்கு தம்பி" என்று 400 ரூபாய் கொடுத்தார். இடுப்பு காலியாக இருக்கக்கூடாது என்று பார்த்தசாரதி கோயில் பக்கம் ஒரு கறுப்புக் கயிறு வாங்கிக் கட்டிக்கொண்டேன். தீபாவளியன்று அப்பா அந்த வேட்டியைக் கட்டிக்கொண்டு தெரு முழுக்க, "பையன் எடுத்தது" என்று காட்டிவிட்டு வந்தார்.

திரும்பி வந்த பிறகு, மீட்கலாம், மீட்கலாம் என்று மாதங்கள் போயின. அந்த நாளில்தான் பைகிராஃப்ட்ஸ் ரோடு பிளாட்பாரத்தில் ஒரு தலையணை சைஸ் புத்தகம் கிடைத்தது. டோல்கீன் எழுதிய 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்'. ஆயிரம் பக்கத்துக்கு மேல். பேரம் பேசி 30 ரூபாய். படிக்காவிட்டாலும் தலைக்கு வைத்துக்கொள்ளலாம் என்பதுதான் என் கணக்கு.

டோல்கீன் ஆக்ஸ்ஃபோர்டில் பழைய ஆங்கிலம் நடத்திய புரொபசர். தானே மொழிகளை உண்டாக்கி, அந்த மொழிகள் பேச ஓர் உலகத்தையும் உண்டாக்கிய மனுஷர். அதில் ஒரு உலோகம் வருகிறது. பெயர் மித்ரில். வெள்ளி மாதிரி பளபளக்கும், ஆனால் கறுக்காது. செம்பு மாதிரி தட்டினால் வளையும், ஆனால் எஃகை விட உறுதி. எடையோ, இருப்பதே தெரியாது. கிடைக்கிற இடம் ஒன்றே ஒன்று. மோரியா என்கிற மலைக்கு அடியில் குள்ளர் இனத்தவர் தோண்டிய சுரங்கம். அந்தக் காலத்தில் தங்கத்தைப் போல் பத்து மடங்கு விலை. ஆசை விடுமா? இன்னும் ஆழம், இன்னும் ஆழம் என்று தோண்டியதில், அடியில் தூங்கிக்கொண்டிருந்த பால்ராக் என்கிற நெருப்புப் பூதம் எழுந்துவிட்டது. குள்ளர்களின் ராஜ்யமே போச்சு. அதன் பிறகு மித்ரிலுக்கு விலையே சொல்ல முடியாமல் ஆகிவிட்டது.

நம் ஹீரோ ஃப்ரோடோ, மூன்றடி உயர ஹாபிட். கிளம்பும்போது அவனுடைய பெரியவர் பில்போ ஒரு பழைய வளையச் சட்டையை எடுத்து, "உள்ளே போட்டுக்கோ, வெளியே சொல்லாதே" என்கிற மாதிரி கொடுத்துவிடுகிறார். அது அவருக்கு ஒரு குள்ள ராஜா கொடுத்தது. வேடிக்கை என்னவென்றால், 1937-ல் வந்த முந்தைய கதையான 'தி ஹாபிட்'டில் அந்தச் சட்டை இருக்கிறது, மித்ரில் என்ற பெயர் இல்லை. பிற்பாடு வந்த பதிப்பில்தான் டோல்கீன் அதை நுழைத்தார். சட்டையின் விலை, கொடுத்தவருக்கே லேட்டாகத்தான் தெரிந்திருக்கிறது!

மோரியா இருட்டில் நடக்கும்போது மந்திரவாதி காண்டால்ஃப் பேச்சுவாக்கில் சொல்கிறார்: பில்போவிடம் இருந்த அந்தச் சட்டையின் மதிப்பு, அவர்கள் ஊர் மொத்தத்தையும், அதில் உள்ள எல்லாவற்றையும் சேர்த்தாலும் அதற்கு மேலே. அது ஊர் மியூசியத்தில் தூசி படிந்து கிடப்பதாக அவர் நினைப்பு. அது பக்கத்தில் நடக்கிறவன் சட்டைக்குள்ளே இருக்கிறது! ஃப்ரோடோ வாயே திறக்கவில்லை. கையை உள்ளே விட்டுத் தொட்டுப் பார்த்துக்கொள்கிறான்.

ராத்திரி பதினோரு மணி. நானும் என்னையறியாமல் பனியனுக்குள் கையை விட்டேன். கறுப்புக் கயிறு.

மறுநாள் ஆபீசுக்கு அரை நாள் லீவு போட்டுவிட்டு வட்டிக்கடைக்கு ஓடினேன். நோட்டைப் புரட்டினார். "கெடு தாண்டி ஏலத்துக்குப் போயிடுச்சே தம்பி. லெட்டர் போட்டோமே." போட்டிருக்கிறார்கள். மேன்ஷன் மாடிப்படி ஜன்னலில் மின்சார பில், கல்யாணப் பத்திரிகைகளோடு அது பிரிக்காமல் கிடந்தது.

அந்த மாசம் ஊருக்குப் போனபோது அம்மாவிடம் மட்டும் மெல்லக் கேட்டேன், அப்பாவின் அரணாக்கொடி எங்கே செய்தது என்று. "செய்யறதாவது! உங்க ஆத்தா தன் தண்டையை அழிச்சு உங்கப்பாவுக்கு அடிச்சுப் போட்டாங்க. அவங்க காலுல வேற நகையே கிடையாது" என்றாள். நான் எழுந்து கொல்லைப் பக்கம் போய்விட்டேன். கிணற்றடியில் அப்பா குளித்துக்கொண்டிருந்தார். "வா, முதுகு தேய்" என்றார். தேய்த்தேன். பிறகு நானும் சட்டையைக் கழற்றிக் குளித்தேன். என் இடுப்பைப் பார்த்தார். பார்த்தார் என்று எனக்குத் தெரியும். "தண்ணி ஜில்லுன்னு இருக்கு, சீக்கிரம் துவட்டு" என்றார்.

ஃப்ரோடோவும் சட்டையைப் பறிகொடுக்கிறான். ஓர்க்குகள் அவனைப் பிடித்து உருவிவிடுகிறார்கள். யாருக்கு அது என்று அவர்களுக்குள் சண்டை வந்து வெட்டிக்கொண்டு சாக, அந்தச் சந்தடியில்தான் அவன் தப்பிக்கிறான். சட்டை எதிரி கைக்குப் போய், கடைசியில் திரும்பியும் வருகிறது. என்ன இருந்தாலும் கதை. என்னுடையதை உருக்கி யாருக்குக் கொலுசு போட்டார்களோ!

படம் வந்தபோது முதல் வாரமே போனேன். மோரியாவில் ஈட்டி குத்தியும் ஃப்ரோடோ பிழைக்கிற இடத்தில் தியேட்டரே கைதட்டியது. (புத்தகத்தில் குத்துவது ஓர்க் தலைவன், படத்தில் ஒரு குகைப் பூதம். பக்கத்து சீட்டுக்காரரிடம் இதைச் சொல்லி முறைப்பு வாங்கினேன்.)

ஆனால் எல்லாம் முடிந்த பிறகு வருகிற ஒரு சின்ன இடம் படத்தில் இல்லை. ஃப்ரோடோ திரும்பி வந்து பில்போவைப் பார்க்கிறான். பில்போவுக்கு ரொம்ப வயதாகிவிட்டது. பாதி நேரம் தூக்கம். ஊருக்குக் கிளம்புகிறவனுக்கு அதே மித்ரில் சட்டையை மறுபடியும் பரிசாகக் கொடுக்கிறார், ஏற்கெனவே கொடுத்துவிட்டதை மறந்து.

அந்தப் பக்கத்தை அப்போது வேகமாகப் புரட்டிவிட்டேன்.

அப்பாவுக்கு இப்போது 86. அம்மா போன பிறகு ஞாபகம் விட்டு விட்டு வருகிறது. என்னைச் சில சமயம் தன் தம்பி என்று நினைத்துக்கொள்கிறார். போன பொங்கலுக்குப் போய்விட்டுக் கிளம்புகிறேன், பீரோவைத் திறந்து துணிகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கீழே போட்டுத் தேடிக்கொண்டிருந்தார்.

"என்னப்பா தேடறீங்க?"

"அரணாக்கொடிடா. பட்டணம் போறியே. உனக்குன்னு இங்கதான் வெச்சிருந்தேன்."

தேடித் தேடி, கடைசியில் கையில் கிடைத்தது ஒரு வேட்டியின் கரை. கிழித்து வைத்திருந்த நாடா. நிறம் வெளுத்திருந்தாலும் எனக்கு அடையாளம் தெரிந்தது, நான் எடுத்துக்கொடுத்ததுதான்.

"கிட்ட வா" என்றார். ஐம்பத்து மூன்று வயசு ஆள், சட்டையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றேன். வாசலில் கார்க்காரர் ஹாரன் அடித்தார். அப்பாவுக்கு விரல் நடுங்கி முடிச்சு விழவில்லை. இரண்டு தரம் அவிழ்ந்தது. மூன்றாவது தரம் விழுந்தது.