ஆறு காசுக் கொடியும் இரண்டு சகோதரர்களும்

போர்க்கொடி என்றாலே சிங்கம், புலி, கழுகு என்றுதான் நினைவுக்கு வரும். ஆனால் ஜப்பானில் ஒரு சாமுராய் குலம் தன் கொடியில் ஆறு காசுகளை வைத்திருந்தது. வியாபாரிகளின் கொடி என்று நினைத்துவிடாதீர்கள்! இறந்தவர்கள் சன்ஸு என்ற ஆற்றைக் கடந்தாக வேண்டும், அதற்குக் கூலி ஆறு காசு என்பது ஜப்பானிய பௌத்தர்களின் நம்பிக்கை. கூலியைக் கையோடு கொண்டுவந்திருக்கிறோம், சாகத் தயார் என்பதுதான் அந்தக் கொடியின் அர்த்தம்.

அந்தக் குலத்தின் பெயர் சனாடா. வேடிக்கை என்னவென்றால், சாகத் தயார் என்று கொடி பிடித்தவர்கள்தான் பிழைத்திருப்பதில் மற்ற எல்லோரையும் விடக் கெட்டிக்காரர்கள்.

15ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து நூறு வருடங்களுக்கும் மேலாக ஜப்பானில் உள்நாட்டுப் போர். பேரரசரும் பெயருக்குத்தான், ஷோகனும் பெயருக்குத்தான். உண்மையான அதிகாரம் டைம்யோ எனப்பட்ட நிலப்பிரபுக்களிடம் இருந்தது. சனாடாக்கள் ஷினானோ என்ற மலைநாட்டில் (இன்றைய நகானோ) இருந்த சின்னக் குலம். சுற்றிலும் டகேடா, உவெசுகி, ஹோஜோ, டொகுகாவா என்று பெரிய தலைகள். மத்தளத்துக்கு இரண்டு பக்கம்தான் இடி. இவர்களுக்கு நாலு பக்கமும்!

முதலில் டகேடா குலத்துக்கு விசுவாசமாக இருந்தார்கள். 1575இல் நாகாஷினோ போரில் டகேடாவுக்காக இரண்டு அண்ணன்களும் உயிரைக் கொடுக்க, தம்பி மசாயுகி குலத்தலைவர் ஆனார். 1582இல் டகேடா குலமே அழிந்துபோனது. அதன்பிறகு மசாயுகி ஓடா, ஹோஜோ, டொகுகாவா, உவெசுகி, கடைசியில் டொயோடோமி ஹிடெயோஷி என்று மாறிக்கொண்டே இருந்தார். எல்லாம் நாலே வருடத்துக்குள்.

பச்சோந்தி என்று திட்டத் தோன்றும். ஆனால் இன்னொரு பக்கமும் இருக்கிறது. பிரபு நிலத்தைக் காப்பாற்றுவார், சாமுராய் அவருக்காகப் போர் செய்வார். இதுதான் அன்றைய ஒப்பந்தம். டொகுகாவா இயெயாசுவோ ஹோஜோவுடன் சமாதானம் செய்துகொள்வதற்காக, சனாடாக்களின் நுமாடா கோட்டையைத் தூக்கிக் கொடுக்கச் சொன்னார். மசாயுகி முடியாது என்றார். 1585இல் டொகுகாவா படை உவெடா கோட்டைக்கு வந்தது, தன்னைவிடச் சின்ன படையிடம் அடி வாங்கித் திரும்பியது. இதில் ஒப்பந்தத்தை மீறியது யார்?

1598இல் ஹிடெயோஷி இறந்தார். 1600இல் நாடே இரண்டு அணியானது. கிழக்கில் இயெயாசு, மேற்கில் இஷிடா மிட்சுநாரி. இனுபுஷி என்ற இடத்தில் மசாயுகியும் இரண்டு மகன்களும் கலந்து பேசினார்கள். மூத்தவன் நொபுயுகியின் மனைவி, இயெயாசுவின் தளபதி ஹோண்டா டடகட்சுவின் மகள். இளையவன் நொபுஷிகேயின் மனைவி, மேற்கு அணியின் ஓடானி யோஷிட்சுகுவின் மகள். முடிவில் மூத்தவன் கிழக்கே போனான். அப்பாவும் இளையவனும் மேற்கே.

யார் ஜெயித்தாலும் குலம் நிலைக்கட்டும் என்று போட்ட கணக்கு என்பார்கள் சிலர். கல்யாண உறவுகள் இழுத்த இழுப்பு என்பார்கள் சிலர். இரண்டும்தான் என்று தோன்றுகிறது. கணக்காகவே இருந்தாலும் அதற்குக் கொடுத்த விலை சின்னதல்ல.

இயெயாசுவின் மகன் ஹிடெடடா சுமார் 38,000 வீரர்களோடு வந்து உவெடாவில் மாட்டிக்கொண்டு, செகிகஹாரா போருக்கே போய்ச் சேரவில்லை. ஆனாலும் இயெயாசு ஜெயித்துவிட்டார். அப்பாவுக்கும் தம்பிக்கும் மரண தண்டனை கிடைக்கவிருந்தது. நொபுயுகி மன்றாடி அதை நாடு கடத்தலாக மாற்றினார். அவர்கள் கோயா மலை அடிவாரத்தில் குடோயாமாவில் அடைபட்டார்கள். ஒரு காலத்தில் டொகுகாவா படையை விரட்டிய மசாயுகி, மகனிடம் பணம் கேட்டுக் கடிதம் எழுதினார். 1611இல் அங்கேயே இறந்தார். நொபுஷிகே தன் கடிதம் ஒன்றில் பல் விழுந்ததையும் தாடி நரைத்ததையும் எழுதியிருக்கிறார். அப்போது அவருக்கு ஐம்பது வயது கூட ஆகவில்லை.

1614இல் நொபுஷிகே அங்கிருந்து கிளம்பி ஒசாகா கோட்டைக்குப் போனார். 1615இல் இயெயாசுவின் முகாம் வரைக்கும் பாய்ந்து, அந்தப் போரிலேயே இறந்தார். எதிரணியில் அண்ணன் மகன்கள் இருவரும் இருந்தார்கள்! பிற்காலக் கதைகள் அவருக்கு யுகிமுரா என்று பெயர் வைத்தன. இன்று நாடகம், காமிக்ஸ், வீடியோ கேம் எல்லாவற்றிலும் அவர்தான் ஹீரோ.

அண்ணன்? செகிகஹாராவுக்குப் பிறகு, அப்பாவின் பெயரோடு பொதுவாக இருந்த எழுத்தைத் தன் பெயரிலிருந்து எடுத்துவிட்டார். டொகுகாவா ஆட்சியில் வேறு வழியில்லை. ஆனால் அதற்குப் பதிலாக வைத்ததும் அதே உச்சரிப்புள்ள எழுத்து. எழுத்துதான் மாறியது, கூப்பிடும்போது பழைய நொபுயுகிதான். 1622இல் மட்சுஷிரோவுக்கு மாற்றினார்கள், போனார். 90 வயதைத் தாண்டி வாழ்ந்து 1658இல் இறந்தார். அவர் காப்பாற்றிய வீடு, 1871இல் ஜப்பானில் பிரபுக்களின் ஆட்சியே ஒழிக்கப்படும்வரை மட்சுஷிரோவை ஆண்டது.

ஒரே நாளில் ஆறு காசையும் கொடுத்து ஆற்றைக் கடந்தவனை உலகம் கொண்டாடுகிறது. அப்பாவையும் தம்பியையும் இழந்து, அவர்களைத் தோற்கடித்தவர்களுக்கே அரை நூற்றாண்டு தலைவணங்கி, இக்கரையிலேயே நின்று வீட்டைக் காத்தவனைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. சாவதற்கு வீரம் வேண்டும்தான். பிழைத்திருப்பதற்கு வேண்டாமா என்ன?