சுவாமிகள் கொடுத்த பாடம்

புதுச்சேரியில் கருவடிக்குப்பம் என்றதும் பலருக்குப் பாரதியின் குயில்தோப்பும் சித்தானந்தர் கோயிலும் நினைவுக்கு வரும். எங்கள் நாடகத் தொழில்காரர்களுக்கு அது தவத்திரு சங்கரதாஸ் சுவாமிகள் அடக்கமான இடம். 1922 நவம்பர் 13ஆம் தேதி புதுவையில் அவர் உயிர் பிரிந்தது. ஆண்டுதோறும் அந்த நாளில் நாடகக்காரர்கள் அங்கே கூடி, மாலை சாத்தி, அவர் பாட்டையே பாடி வணங்குகிறோம்.

நான் சுவாமிகளின் வள்ளி திருமணம் நாடகத்தில் நாரதர் வேஷம் கட்டுகிறவன். பல ஊர் நடிகர்களை வரவழைத்து நடத்தும் ஸ்பெஷல் நாடகத்துக்கு ஒத்திகை கிடையாது. வள்ளி புதுக்கோட்டையிலிருந்து வருவார், முருகனாக வரும் ராஜபார்ட் மதுரையிலிருந்து, ஆர்மோனியம் காரைக்குடியிலிருந்து. சிலரை முதன்முதலாகப் பார்ப்பதே அரிதாரம் பூசும் கொட்டகையில்தான். இருந்தாலும் ராத்திரி பத்து மணிக்குத் தொடங்கும் நாடகம் விடியும்வரை தடங்கலில்லாமல் நடக்கிறது. எல்லோருக்கும் பாடம் ஒன்று. அது சுவாமிகள் எழுதிய பாடம்.

வள்ளி தினைப்புனத்தில் ஆலோலம் பாடி முடித்ததும் நாரதர் வருவார். விருத்தத்தின் கடைசிச் சீரை நான் இழுத்து நிறுத்துவேன். வள்ளியாக எதிரே நிற்கும் அம்மா அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு வசனமாகவும் எடுப்பார், பாட்டாகவும் எடுப்பார். என் சுருதிக் கட்டையிலிருந்து அவர் கட்டைக்கு ஆர்மோனியக்காரர் கண் இமைப்பதற்குள் மாறியிருப்பார். பிறகு தர்க்கம். ஆண் பெரிதா பெண் பெரிதா, இல்லறமா துறவறமா என்று ஊர் கேட்கக் கேட்க நீளும். எங்கே சுற்றினாலும், வள்ளியின் மனத்தை முருகன் பக்கம் திருப்ப வந்தவன் நான் என்பதை மறக்கக் கூடாது. அந்தத் திருப்பத்தில் சுவாமிகளின் பாட்டு ஒன்று காத்திருக்கும். அதை எடுத்த உடனே கதை நேர்வழிக்கு வந்துவிடும். நடிகனை இவ்வளவு தூரம் விட்டுப் பிடித்த ஆசிரியர் வேறொருவரை நான் அறியேன்.

சுவாமிகள் 1867இல் தூத்துக்குடிப் பக்கம் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தவர். பழனி தண்டபாணி சுவாமிகளிடம் தமிழ் படித்தார், உப்புப் பண்டகசாலையில் கணக்கு எழுதினார், 24 வயதில் நாடகத்துக்கு வந்தார். இரணியன், இராவணன், எமன் வேஷங்கள் கட்டி, பிறகு ஆசிரியரானார். பவளக்கொடி, சத்தியவான் சாவித்திரி, கோவலன், அபிமன்யு சுந்தரி எல்லாம் அவர் கொடை. அபிமன்யு நாடகத்தை ஒரே இரவில் எழுதி முடித்தார் என்று அவருடைய மாணவர் டி.கே. சண்முகம் சொல்லியிருக்கிறார். மேடைக் கணக்கு கைவசம் இருந்தவருக்கு அது முடியும் என்றே எனக்குத் தோன்றுகிறது.

பெரிய நடிகர்கள் பாடத்தை விட்டுவிட்டு வாய்க்கு வந்ததைப் பேசிய காலம் அது. அந்தக் கட்டுப்பாடின்மை பொறுக்காமல்தான் சிறுவர்களைத் தேடிப் போனார். 1918இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கினார். சண்முகம் உள்ளிட்ட டி.கே.எஸ். சகோதரர்கள் அங்கேதான் அரிச்சுவடி படித்தார்கள். பாட்டு, வசனம், உச்சரிப்பு எல்லாம் மனப்பாடமான பிறகுதான் மேடை. கடைசிக் காலத்தில் பக்கவாதம் வந்து பேச்சும் கையும் முடங்கியபோதும் அந்தப் பிள்ளைகளோடுதான் இருந்தார். அந்தப் பிள்ளைகளும் அவர்களிடம் கற்றவர்களும் பாடத்தைச் சுமந்தார்கள். பேசும்படம் வந்து நாடகக் கம்பெனிகள் கலைந்த பிறகும் பாடம் கலையவில்லை.

இன்று வருகிற தம்பி தங்கைகள் செல்போனில் நாலு தர்க்கத்தைப் பார்த்துக் கைதட்டல் வாங்கும் இடங்களை மட்டும் எடுத்துக்கொள்கிறார்கள். விருத்தம் பாதியில் நிற்கிறது, அந்த இடத்தில் சினிமா மெட்டு வந்து உட்காருகிறது. எதிரே நிற்பவர் சொல்லைப் பிடிக்க வழியில்லாமல் திண்டாடுகிறார். கூட்டம் கைதட்டலாம், நாடகம் அங்கே அறுந்துபோகிறது.

தம்பி தங்கைகளே, பக்கத்து ஊரில் பாடம் தெரிந்த வாத்தியார் ஒருவர் இன்னும் இருப்பார். அவரிடம் போய் வள்ளி திருமணத்தை முதல் விருத்தத்திலிருந்து மங்களம் வரை முழுசாகக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். அவர் இருக்கும்போதே போங்கள்.