காங்கிரீட்டுக்குள் காற்று

வேலூர்க்காரர்களுக்குக் காங்கிரீட் என்றாலே வெக்கைதான். பகலெல்லாம் வெயிலைக் குடித்த மொட்டை மாடி, ராத்திரி பதினொரு மணிக்கும் அனலைக் கீழே இறக்கிக்கொண்டிருக்கும். அந்த ஊரில் ஆசிரியையாக இருந்து ஓய்வுபெற்ற ஒரு பெண்மணியும், கட்டட ஒப்பந்த வேலை பார்க்கும் அவருடைய தம்பியும் கத்திரி வெயிலில் புதுச்சேரிக்கு வந்தார்கள். மஞ்சள் சுவர், காகிதப்பூ, பிரெஞ்சுத் தெருப்பெயர் எல்லாம் தம்பிக்குச் சீக்கிரமே அலுத்துவிட்டன. பழைய வீடுகளை ஏசி ஓட்டல்களாக்கி வைத்திருக்கிறார்கள், படம் எடுக்கலாம், அவ்வளவுதான் என்பது அவர் கட்சி.

அனுமதி பெற்று கோல்கோந்துக்குள் கால்வைத்ததும் அவர் பேச்சு நின்றது.

ஸ்ரீ அரவிந்தர் ஆசிரமத்தின் தங்கும் விடுதி அது. கிழக்கு மேற்காக நீளும் கட்டடம். வடக்கிலும் தெற்கிலும் சுவருக்குப் பதிலாக, கிடையாக அடுக்கிய ஆஸ்பெஸ்டாஸ் சிமெண்ட் பலகைகள். வேண்டியபோது திறக்கலாம், மூடலாம். வெயில் வெளியே நிற்க, காற்று மட்டும் தோட்டத்திலிருந்து அறைக்குள் வருகிறது. அறைக் கதவுகளும் இடைவெளிவிட்ட தேக்குச் சட்டங்கள்தான். உள்ளேயும் காற்று தடைபடவில்லை. அக்காவின் நெற்றி வியர்வை சற்று நேரத்தில் காய்ந்துவிட்டது.

"இது காங்கிரீட்டாடா?" என்று கேட்டார். தம்பி தூணைத் தட்டிப் பார்த்துத் தலையசைத்தார்.

ஹைதராபாத் திவான் சர் அக்பர் ஹைதரி, நிஜாமிடமிருந்து பெற்றுத்தந்த ஒரு லட்சம் ரூபாயில் தொடங்கிய வேலை இது. ஹைதராபாத்தின் கோல்கொண்டாவுடைய பெயர் விடுதிக்கு வந்தது அதனால்தான். வரைபடம் போட்டவர் டோக்கியோவில் இருந்த, செக் நாட்டில் பிறந்த கட்டடக் கலைஞர் அந்தோனின் ரேமண்ட். ஜார்ஜ் நகாஷிமாவும், லெ கொர்புசியேயிடம் வேலை பார்த்த ஃப்ரான்டிஷெக் சாமரும் இங்கேயே தங்கி வேலையை நடத்தினார்கள். 1937-இல் தொடங்கியது, நடுவில் உலகப் போர் வந்தது. ஆசிரமத்துச் சாதகர்களே கலவை சுமந்தார்கள். பழைய பாத்திரங்களை உருக்கிப் பித்தளைக் கைப்பிடிகள் வார்த்தார்கள். லெ கொர்புசியே வடிவமைத்த சண்டிகர் எழுவதற்குப் பத்தாண்டுக்கும் முன்பே, பிரெஞ்சு ஆட்சியில் இருந்த ஊரில் இது நடந்தது. நகாஷிமா அமெரிக்கா திரும்பினார். போர்க்காலத்தில் ஜப்பானிய வம்சாவளியினரை அடைத்த முகாமில் இருந்தார். பிறகு உலகறிந்த மரச்சாமான் கலைஞரானார். இந்த அறைகளின் தேக்கு மேசை நாற்காலிகளும் அவர் வடிவமைத்தவையே.

தம்பிக்கு இந்த வரலாற்றைவிட உப்புக்காற்றுதான் பெரிய கேள்வி. "கடல் பக்கத்துலயே இருக்கு. கம்பி துருப்பிடிச்சுக் காங்கிரீட் வெடிக்கணுமே, அக்கா!" இதே கடற்கரையில் 1870-களில் எழுந்த மேரி என்ற நகராட்சிக் கட்டடம், கவனிப்பாரின்றிக் கிடந்து 2014 நவம்பர் மழையில் இடிந்து விழுந்ததை அவர் செய்தியில் பார்த்திருக்கிறார். அதை மறுபடி கட்டித் திறக்க 2021 ஆகிவிட்டது.

அங்கே பலகைகளைத் துடைத்துக்கொண்டிருந்த வயதான அம்மாவிடமே கேட்டுவிட்டார். "தினமும் துடைக்கிறோம் தம்பி. விரிசல் கண்டா அன்னிக்கே பார்த்துடுவோம்" என்றார் அவர், துணியைப் பிழிந்தபடி.

1954 நவம்பர் 1-இல் புதுச்சேரியின் ஆட்சி இந்தியாவின் கைக்கு வந்தது. அக்கம்பக்கத்து மாளிகைகள் அலுவலகமாகவும் ஓட்டலாகவும் வேடம் மாற்றிக்கொண்டன. கோல்கோந்தில் இன்றும் ஆசிரமத்து விருந்தினர்களே தங்குகிறார்கள். யாருக்காகக் கட்டினார்களோ அவர்களே இன்னும் வந்துபோவதால்தான், அதைத் துடைக்கவும் ஆள் இருக்கிறது.

திரும்பும் பேருந்தில் சண்டை மூண்டது. தன் வீட்டுக்கும் அந்தப் பலகைச் சுவர் வேண்டும் என்றார் அக்கா. இரண்டு பக்கமும் அடுத்த வீட்டுச் சுவர் ஒட்டியிருக்கிறது, காற்று எங்கிருந்து வரும் என்றார் தம்பி. ஆனால் கூரை அவர் மனதில் தங்கிவிட்டது. தளத்துக்கு மேலே வளைந்த காங்கிரீட் ஓடுகள், நடுவே காற்றோட இடைவெளி. அதை வேலூர் மாடியிலும் செய்யலாம். திண்டிவனம் தாண்டுவதற்குள் டிக்கெட்டின் பின்புறம் படம் போட்டுவிட்டார். இடைவெளி ஒரு அடி போதுமா, ஒன்றரை அடி வேண்டுமா என்பதில் மட்டும் இருவரும் ஒத்துப்போகவில்லை.