ஆச்சியின் குரலில் இருந்த ஊர்

எங்கள் ஊர் டூரிங் கொட்டகையில் ஒரே ஒரு புரொஜெக்டர். ரீல் மாற்றும்போதெல்லாம் விளக்கைப் போட்டுவிடுவார்கள். அந்த வெளிச்சத்தில்தான் அப்பத்தா சுருக்குப் பையைத் திறப்பாள். எனக்குக் கல்கோனா, அவளுக்கு வெற்றிலை. முன்னால் இருப்பவர் தலை மறைத்தால் மணலைக் குவித்து அதன்மேல் என்னை உட்கார வைப்பாள். எம்.ஜி.ஆரா, சிவாஜியா என்று ஊரே இரண்டாகக் கிடந்த காலம் அது. படம் மாறியிருக்கிறது என்று சொன்னால் அவள் கேட்பது ஒன்றுதான்: "நம்ம ஆச்சி இருக்காகளா?"

ஆச்சி என்றால் மனோரமா. 1937-ல் மன்னார்குடியில் பிறந்தபோது பெயர் கோபிசாந்தா. பிழைப்புத் தேடி அம்மா கைக்குழந்தையோடு வந்து சேர்ந்த இடம் பள்ளத்தூர். காரைக்குடிக்குப் பக்கம், எங்கள் ஊரிலிருந்து பஸ்ஸில் கொஞ்ச நேரம். செட்டிநாட்டில் ஆச்சி என்பது நகரத்தார் வீட்டுப் பெண்களை அழைக்கும் சொல். பெரிய பெரிய வீடுகளின் தெருக்களில் ஏழைச் சிறுமியாக வளர்ந்தவர், அடுத்தவரைத்தான் அப்படி அழைத்திருப்பார். பின்னாளில் தமிழ்நாடே அவரை அப்படி அழைத்தது. அப்பத்தாவுக்கு இதில் ஒரு தனிப் பெருமை, ஏதோ தானே பெயர் வைத்ததுபோல.

பள்ளிக்கூடம் பாதியில் நின்றது. பாடத் தெரிந்த பிள்ளை என்பதால் நாடகத்தில் இழுத்துக்கொண்டார்கள். வைரம் நாடக சபா, பிறகு எஸ்.எஸ்.ராஜேந்திரனின் நாடக மன்றம். கருணாநிதி எழுதிய 'மணிமகுடம்' போன்ற நாடகங்களில் நடித்தார். ஊர் ஊராகப் போய், கடைசி வரிசைக்காரனுக்கும் கேட்கிற மாதிரி வசனம் பேசிய தொண்டை அது. அதனால்தான் சினிமாவில் கூட்டத்தில் ஒருத்தியாக நின்றாலும் அவர் குரல் மட்டும் தனியாக வந்து விழும்.

மேடையில் கதாநாயகியாக நின்றவருக்கு 1958-ல் கண்ணதாசனின் 'மாலையிட்ட மங்கை'யில் கிடைத்தது சிரிப்பு வேடம். 1963-ல் 'கொஞ்சும் குமரி'யில் நாயகியாகவும் நடித்தார். ஆனால் திரைக்கு அவரிடமிருந்து வேண்டியிருந்தது சிரிப்புத்தான். கொடுத்தார், ஆயிரம் படங்களுக்கு மேல். கின்னஸில் பெயர் ஏறியது.

1968-ல் வந்த 'தில்லானா மோகனாம்பா'ளை நான் பார்த்தது பல வருடம் கழித்து, அதே மணலில். ஜில் ஜில் ரமாமணி நாடகக் கொட்டகைப் பெண். ஆட்டத்திலும் பேச்சிலும் அலட்டல், உள்ளே ஒரு வெள்ளை மனசு. பெரிய வித்வானைப் பார்த்ததும் அந்த முகத்தில் ஓடும் மரியாதையும் கூச்சமும் எவரும் சொல்லிக் கொடுத்து வந்திருக்காது. சுற்றிலும் எல்லாரும் சிரித்தார்கள். அப்பத்தா மட்டும் முந்தானையை எடுத்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். ஏன் என்று கேட்டேன். "ஒனக்குத் தெரியாது, பாரு" என்றாள்.

அதே வருடம் 'பொம்மலாட்ட'த்தில் சென்னைத் தமிழில் ஒரு பாட்டைத் தன் குரலிலேயே பாடினார். மெட்ராஸைப் பார்த்தே இராத எங்கள் ஊர்ப் பிள்ளைகள் தெருவில் அந்தப் பாஷையைப் பேசித் திரிந்தோம். 'சம்சாரம் அது மின்சார'த்தில் வீட்டு வேலை செய்யும் கண்ணம்மா. 'சின்னக் கவுண்ட'ரில் பல்லை நீட்டிக்கொண்டு கொங்குச் சீமைத் தாய். 'புதிய பாதை'க்குத் தேசிய விருது. எந்த ஊர்க்காரியாக வந்தாலும் அந்த ஊரில் ஒருத்தி இப்படித்தான் பேசுவாள் என்று நம்பவைத்தார். எந்த ஊர்ப் பேச்சையும் மட்டமாக்கிச் சிரிப்பு மூட்டவில்லை. அந்தப் பேச்சுக்குள் போய் உட்கார்ந்துகொண்டார்.

நான் சென்னைக்கு வேலைக்கு வந்தபோது நடந்தது வேறு. முதல் வாரமே "சாப்ட்டியளா" என்று நான் கேட்க, ஒரு அறையே சிரித்தது. கெட்ட எண்ணம் இல்லாத சிரிப்புத்தான். ஆனாலும் அன்றிலிருந்து ஒவ்வொரு சொல்லாக ராவி எடுக்க ஆரம்பித்தேன். 'இய' போனது. 'தேன்' போய் 'தான்' வந்தது. 'அவுக' போய் 'அவங்க' வந்தது. ரெண்டு வருடத்தில் எந்த ஊர் என்று யாரும் கண்டுபிடிக்க முடியாத ஒரு தமிழ் என் வாயில் வந்து உட்கார்ந்தது. அதைச் சாமர்த்தியம் என்று நினைத்தேன்.

2015 அக்டோபரில் ஆச்சி போய்ச் சேர்ந்த அன்று இரவு, தொலைக்காட்சிகளில் மாறி மாறி அவர் காட்சிகள். படத்தைவிடக் குரலைத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன். அப்பத்தா போய் வெகுகாலம் ஆகியிருந்தது. அவள் கையில் இருந்த வெற்றிலை வாசனையும் ரீல் மாற்றும்போது வரும் வெளிச்சமும் அந்தக் குரலுக்குப் பின்னாலேயே வந்தன. ஊரூராகப் பேசப் பழகிய அவர் ஆச்சி என்ற பெயரைக் கடைசி வரை வைத்திருந்தார். ஒரே ஒரு பேச்சைப் பழகிய நான் என்னுடையதை எங்கே வைத்தேன் என்று தெரியவில்லை.

அடுத்த பொங்கலுக்குக் காரைக்குடியில் இறங்கி, பள்ளத்தூர் வழியாகப் போகும் டவுன் பஸ்ஸில் ஏறினேன். பக்கத்தில் ஒரு கிழவி, மடியில் கருணைக்கிழங்குப் பை. வளையல் சத்தத்தோடு என் பக்கம் திரும்பி, "எங்கெ போறிய?" என்றாள். நெஞ்சுக்குள் ஏதோ குளிர்ந்தது. பதில் சொல்ல வாயைத் திறந்தேன். ஊர்ப் பெயரைச் சொல்லி, "அங்கதான் போறேங்க, பாட்டி" என்று வந்தது.

கிழவி பையைக் கொஞ்சம் நகர்த்தி எனக்கு இடம் விட்டாள். வெளியூர் விருந்தாளியிடம் பேசுகிற பதவிசோடு கேட்டாள்: "அங்கன யாரு வீட்டுக்கு வந்திருக்கிய?"