மொறுமொறுப்பைப் பொதி கட்ட முடியாது

ஊர்காவற்றுறையிலிருந்து ரொறன்ரோவுக்கும் லண்டனுக்கும் போகும் பொதிகளில் மிளகாய்த்தூள் இருக்கும். பனங்கட்டி, முறுக்கு, பயற்றம் பணியாரம் இருக்கும். மாவில் தோய்த்துப் பொரித்த வெங்காய வளையத்துக்கு மட்டும் அவற்றில் இடமில்லை. வெங்காயத்தின் பெரும்பகுதி தண்ணீர். தாச்சியை விட்டு இறங்கிய சிறிது நேரத்திலேயே உள்ளிருக்கும் நீராவி மேலோட்டை நனைத்துவிடும்.

யாழ்ப்பாணத்துச் செம்மண் தரும் சின்ன வெங்காயம் சம்பலுக்கு இணையற்றது, வளையத்துக்கு உதவாது. அதற்கு நாம் பம்பாய் வெங்காயம் என்று அழைக்கும் பெரிய வெங்காயமே வேண்டும். 2023 டிசெம்பரில் இந்தியா ஏற்றுமதியைத் தடை செய்தபோது, அந்தப் பெயரின் பொருள் இலங்கைச் சமையலறைகளுக்கு நன்றாகவே விளங்கியது. 2024 மே மாதத்தில்தான் தடை நீங்கியது.

செய்முறையில் இரகசியம் ஏதுமில்லை. இரண்டு வெங்காயங்களை அரைச் சென்ரிமீற்றர் தடிப்பில் வட்டமாக வெட்டி, வளையங்களைப் பிரித்து, உட்புறச் சவ்வை உரித்துவிடுங்கள். சவ்வு இருந்தால் மா பிடிக்காது. முதலில் உலர்ந்த மாவில் புரட்டுங்கள். கோதுமை மாவும் அரிசி மாவும் அரைக் கோப்பை வீதம் எடுத்து, உப்பு, மிளகாய்த்தூள் சேர்த்துக் குளிர்ந்த நீரில் கரையுங்கள். அதிகம் அடித்துக் கலக்கினால் கோதுமையின் பசைத்தன்மை கூடி ஓடு சவ்வாகிவிடும். எண்ணெய் நன்கு காய்ந்ததும் சிலவாகப் போட்டுப் பொன்னிறத்தில் எடுங்கள். கடதாசியில் குவிக்காமல் கம்பித் தட்டில் பரப்பினால் ஆவி வெளியேறும்.

அடுத்த தேவை, அடுப்பருகே காத்திருக்கும் ஆட்கள். ஊரில் இப்போது அரிதானது அதுதான். 1990 இல் போர் தீவுப்பகுதி மக்களைப் பெயர்த்தெறிந்தது. திரும்பியவர்கள் சிலர், திரும்பாதவர்களின் பூட்டிய வீடுகள் பல. சென்ற முறை சித்தியைப் பார்க்கப் போனபோது, இப்போதும் வளையம் பொரிப்பதுண்டா என்று கேட்டேன். "ஒருத்திக்கு எதுக்குத் தம்பி தாச்சி வைக்கிறது?" என்றார்.

எனவே, விடுமுறைக்கு ஊர் போகும் அன்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். சொக்கிலேற் பெட்டிகளைக் கொஞ்சம் குறையுங்கள். பண்ணைப் பாலம் கடக்குமுன் யாழ்ப்பாணச் சந்தையில் நாலு பம்பாய் வெங்காயம் வாங்குங்கள். பின்னேரம் நாலு மணிக்கு, வயதானவர் தனித்திருக்கும் ஒரு வீட்டின் குசினியில் போய் உட்காருங்கள். மிச்சத்தை அவரே பார்த்துக்கொள்வார்.