ஒரு ஜக்குத் தண்ணீர்

எங்கள் வீட்டுத் தண்ணீர் பில் மூன்று மாதங்களுக்குள் இரண்டு மடங்கானது. கட்டாரிலிருந்து வாப்பா கோல் எடுத்தபோது, "பைப் எங்கயும் ஒழுகுதா?" என்று கேட்டார். உம்மா என்னை ஒருமுறை திரும்பிப் பார்த்தார். பிறகு, "ஓம், பாத்ரூம் பைப் கொஞ்சம் ஒழுகுது. ஆளக் கூப்பிட்டுக் காட்டணும்" என்றார்.

எங்கள் வீட்டில் எந்தப் பைப்பும் ஒழுகவில்லை. அந்தத் தண்ணீரையெல்லாம் செலவழித்தது நான்தான்.

அப்போது நான் தரம் 11இல் படித்துக்கொண்டிருந்தேன். ஒரு நாள் சுபஹுக்கு வுழூ செய்துவிட்டு எழும்பும்போது, முழங்கையில் ஓர் இடம் நனையவில்லையோ என்று ஓர் எண்ணம் வந்தது. மறுபடியும் கழுவினேன். இப்படியொரு சந்தேகம் யாருக்கும் எப்போதாவது வருவதுதான். ஆனால் எனக்கு வந்த சந்தேகம் கழுவிய பிறகும் போகவில்லை. முழங்கை முடிந்தால் குதிகால், குதிகால் முடிந்தால் நிய்யத்து, அதற்குப் பிறகு மறுபடியும் முதலிலிருந்து. ஐந்து நிமிடத்தில் முடிந்த வுழூ 40 நிமிடமானது. சில நாட்களில் நான் பாத்ரூமை விட்டு வெளியே வருவதற்குள் சூரியன் உதித்துவிடும். அழுதுகொண்டே களாச் செய்வேன். அதிலும் தக்பீரைச் சரியாகச் சொன்னேனா என்று பத்துத் தடவை கையை உயர்த்தி உயர்த்திக் கட்டுவேன்.

வெளியிலிருந்து பார்த்தவர்களுக்கு நான் பேணுதலான பிள்ளை. வீட்டுக்கு வந்த உறவுக்காரர் ஒருவர் என்னைக் காட்டி, "மாஷா அல்லாஹ், இந்தப் புள்ளயப் பாத்துப் படிங்க" என்று தன் மகளிடம் சொன்னார். எனக்குத் தலைநிமிர்ந்து பார்க்கவே வெட்கமாக இருந்தது. பேணுதலானவர்களுக்குத் தொழுது முடித்ததும் மனம் ஆறுதலடையும். எனக்கோ பாங்கு சத்தம் கேட்டாலே வயிற்றைப் பிசைந்தது. பாங்குக்குப் பயப்படுகிற முஸ்லிம் பிள்ளையும் உலகத்தில் இருப்பாளா என்று நினைத்து நினைத்து என்னையே வெறுத்தேன். இதை யாரிடமும் சொல்ல எனக்குத் துணிவு வரவில்லை.

சாதாரண தரப் பரீட்சையில் கணித வினாத்தாளுக்கு விடை எழுதும்போது சுட்டெண்ணைச் சரியாக எழுதினேனா என்ற சந்தேகம் பிடித்துக்கொண்டது. ஒவ்வொரு தாளையும் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். விடை தெரிந்த இரண்டு கணக்குகள் செய்யப்படாமலேயே நேரம் முடிந்தது.

உம்மா சும்மா இருக்கவில்லை. ஓதிப் பார்த்தார், தண்ணீர் ஓதித் தந்தார். அதை நான் குறைவாக நினைக்கவில்லை. உம்மா என் தலையில் கைவைத்து ஓதும்போது எனக்கு ஆறுதலாகத்தான் இருந்தது. ஆனால் அடுத்த பாங்கு வரைதான் அந்த ஆறுதல் நின்றது. "ஏதோ பட்டிருக்கு" என்றார் ஒருவர். "பொம்புளப் புள்ள, வெளிய சொல்லிராதீங்க, நாளைக்குக் கல்யாணம் பேசணும்" என்றார் இன்னொருவர். அந்த இரண்டாவது பேச்சுத்தான் உம்மாவின் வாயை அதிக காலம் அடைத்து வைத்தது.

எங்கள் பாடசாலையின் ஆலோசனை வழிகாட்டலுக்குப் பொறுப்பான டீச்சர்தான் முதலில் கண்டுபிடித்தார். கொப்பியை நீட்டியபோது அவர் என் கையைப் பார்த்துவிட்டார். விரல் மொளிகள் எல்லாம் வெடித்து இரத்தம் கசிந்திருந்தது. மற்றப் பிள்ளைகளுக்கு முன்னால் அவர் எதுவும் கேட்கவில்லை. பாடசாலை விட்டதும் தனியாக அழைத்து, "ஒரு நாளைக்கு எத்தன மணித்தியாலம் மகள் தண்ணியில நிக்கிறீங்க?" என்று கேட்டார். ஏன் என்று கேட்டிருந்தால் ஏதாவது பொய் சொல்லியிருப்பேன். எத்தனை மணித்தியாலம் என்று கேட்டதால் உண்மை வந்துவிட்டது.

"மூணு, நாலு டீச்சர்."

டீச்சர் உம்மாவை அழைத்து, மனநல வைத்தியரிடம் காட்டச் சொன்னார். "என்ட புள்ளக்கு என்ன, பைத்தியமா?" என்று கேட்டுவிட்டு உம்மா எழும்பி வந்துவிட்டார். உம்மாவை நான் குறை சொல்லமாட்டேன். 'அங்கொட' என்ற ஊர்ப் பெயரையே கேலிக்குப் பயன்படுத்தும் நாட்டில் வளர்ந்தவர்கள் நாங்கள். நானும் அந்தப் பகிடிக்குச் சிரித்தவள்தான்.

அன்றிரவு உம்மா வாப்பாவிடம் பைப் கதையின் உண்மையைச் சொன்னார். வாப்பா சற்று நேரம் பேசவே இல்லை. பிறகு, "சீனி வருத்தத்துக்கு நான் தினமும் குளிசை போடுறன். அதுக்கு நான் வெக்கப்படணுமா? புள்ளயக் கூட்டிட்டுப் போங்க" என்றார்.

அரசாங்க வைத்தியசாலையின் கிளினிக் அது. காசு எதுவும் கேட்கவில்லை. வாங்கில் இருந்தபோது, எங்கள் பக்கத்துத் தெருப் பெண் ஒருவரும் அங்கே இருப்பதை உம்மா கண்டார். இருவரும் ஒருவரை ஒருவர் தெரியாததுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். அடுத்த மாதம் இருவரும் ஸலாம் சொன்னார்கள். அதற்கடுத்த மாதம் அவர் உம்மாவுக்கு இடம் பிடித்து வைத்திருந்தார்.

எனக்கிருப்பது ஓ.சி.டி. என்று டொக்டர் சொன்னார். வேண்டாத ஓர் எண்ணம் திரும்பத் திரும்ப வந்து பயத்தைத் தரும். அந்தப் பயத்தைத் தணிப்பதற்காக ஒரே செயலைத் திரும்பத் திரும்பச் செய்யத் தோன்றும். செய்தால் கொஞ்ச நேரம் ஆறும், பிறகு முன்னையதைவிடப் பலமாகத் திரும்பி வரும். நூறு பேரை எடுத்தால் அவர்களில் ஒருவருக்கோ இருவருக்கோ வாழ்நாளில் எப்போதாவது இது வருகிறதாம். பெரும்பாலும் சிறுவயதிலோ இளவயதிலோதான் தொடங்கும். சிலருக்குக் கதவைப் பூட்டினேனா என்று வரும், சிலருக்கு கேஸ் அடுப்பை அணைத்தேனா என்று வரும். நாம் எதைப் பெரிதாக மதிக்கிறோமோ அதிலேயே இது பிடித்துக்கொள்வதுண்டு என்றும் சொன்னார். அதைக் கேட்டதும் நான் அழுதுவிட்டேன். ஈமான் குறைந்ததால்தான் எனக்கு இப்படி நடக்கிறது என்று ஒன்றரை வருடமாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

சிகிச்சை இரண்டு விதமாக நடந்தது. ஒன்று குளிசை. அது வேலை செய்யப் பல வாரங்கள் எடுக்கும், பொறுமையாக இருக்கவேண்டும் என்று முன்கூட்டியே சொன்னார்கள். முதல் இரண்டு வாரமும் குமட்டல்தான் இருந்தது, வேறு மாற்றம் எதுவும் தெரியவில்லை. மற்றது பயிற்சி. பைப்பை மூடிவிட்டு, ஒரேயொரு ஜக்குத் தண்ணீரில் வுழூ செய்யவேண்டும். முடிந்ததும் பாத்ரூமை விட்டு வெளியே வரவேண்டும். நனையவில்லை என்று மனம் எவ்வளவு கத்தினாலும் திரும்பிப் போகக்கூடாது.

முதல் நாள் அந்த ஜக்கோடு வெளியே வந்து முஸல்லாவில் நின்றபோது என் உடம்பெல்லாம் நடுங்கியது. பெரிய பாவமொன்றைச் செய்துவிட்டு அல்லாஹ்வுக்கு முன்னால் நிற்பதுபோல் இருந்தது. ஆனாலும் தொழுதேன். ஏறத்தாழ முக்கால் மணித்தியாலத்துக்குப் பிறகு அந்தப் பயம் தானாகவே இறங்கியது. நான் கழுவாமலேயே இறங்கியது. பத்தாவது நாள் அது இறங்க இருபது நிமிடம்தான் எடுத்தது.

என்னைவிட உம்மாவுக்குத்தான் கஷ்டமான வேலை கிடைத்தது. "நான் சரியாக் கழுவினேனா உம்மா?" என்று ஒரு நாளைக்கு எத்தனை தடவை கேட்டிருப்பேனோ தெரியாது. உம்மாவும் ஒவ்வொரு தடவையும், "சரிதான் மகள்" என்பார். இனி அந்தப் பதிலைச் சொல்லவே கூடாது என்று டொக்டர் சொல்லிவிட்டார். அந்தப் பதிலும் எனக்குத் தண்ணீரைப் போலத்தானாம், கொஞ்ச நேரத்துக்குத்தான் ஆற்றும். நான் கேட்டால் உம்மா குசினிக்குள் போய், ஏற்கெனவே கழுவி வைத்த சட்டியைத் தேய்த்துக்கொண்டு நிற்பார். ஒரு நாள் எட்டிப் பார்த்தேன். தேய்த்துக்கொண்டே அழுதுகொண்டிருந்தார்.

எங்கள் மௌலவிக்கும் நான் அடிக்கடி கோல் எடுத்து இதே கேள்வியைத்தான் கேட்டிருந்தேன். உறுதியாக இருந்த ஒன்று வெறும் சந்தேகத்தால் நீங்கிவிடாது என்ற பிக்ஹ் சட்டத்தை அவர் பொறுமையாக ஒவ்வொரு முறையும் விளக்கினார். நபி ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் ஒரு 'முத்து' அளவு, அதாவது இரு கைகளால் அள்ளும் அளவுத் தண்ணீரில் வுழூ செய்ததையும் சொன்னார். நிலைமையை உம்மா எடுத்துச் சொன்ன பிறகு, "இனி இதக் கேட்டா நான் பதில் சொல்லமாட்டன் மகள். முன்னம் சொன்னதே போதும்" என்றார். அன்றைக்குக் கோபமாக வந்தது. இன்றைக்கு அவருக்காகத் துஆச் செய்கிறேன்.

உயர்தரத்தில் இஸ்லாமிய நாகரிகம் பாடத்தில் ஒரு நாள் டீச்சர் அபூ ஸைத் அல்பல்கீ என்ற அறிஞரைப் பற்றிச் சொன்னார். இன்றைய ஆப்கானிஸ்தானில் உள்ள பல்க் பகுதியைச் சேர்ந்த அவர் 934ஆம் ஆண்டு மறைந்தவர். உடலுக்கு நோய் வருவதுபோல உள்ளத்துக்கும் நோய் வரும், அதற்கும் பரிகாரம் தேடவேண்டும் என்று அவர் எழுதியிருக்கிறார். கோபம், பயம், கவலை ஆகியவற்றோடு, விடாமல் வந்து துன்புறுத்தும் எண்ணங்களுக்கும் ஓர் இடம் ஒதுக்கியிருக்கிறார். ஆயிரம் வருடங்களுக்கு முன்னரே என்னைப் போன்றவர்களைப் பற்றி ஒரு முஸ்லிம் அறிஞர் யோசித்திருக்கிறார் என்பதைக் கேட்டு, வகுப்பில் குனிந்துகொண்டு சிரித்தேன்.

நான் முழுமையாகக் குணமாகிவிட்டேன் என்று எழுதினால் அது பொய். சிகிச்சை தொடங்கி 14 மாதங்களாகின்றன. இன்னும் குளிசை எடுக்கிறேன். டொக்டர் சொல்லும் வரை நானாக நிறுத்தமாட்டேன். பரீட்சை நெருங்கினால் அந்த எண்ணம் மறுபடியும் தலைகாட்டும். ஒரு சில நாள் தோற்றுப்போய்ப் பைப்பைத் திறந்தும் இருக்கிறேன். ஆனாலும் பெரும்பாலான நாட்களில் என் வுழூ நாலு நிமிடத்தில் முடிகிறது. போன மாதம், "பைப் சரியாகிட்டா?" என்று வாப்பா கேட்டார். "சரியாகிட்டு வருது" என்றார் உம்மா.

இதை வாசிக்கும் சகோதரிகளில் யாராவது தண்ணீருக்கோ, பூட்டுக்கோ, தன் மனதுக்கோ பயந்துகொண்டிருந்தால், தயவுசெய்து நம்பிக்கையான ஒருவரிடம் வாய்திறந்து சொல்லுங்கள். வீட்டில் சொல்ல முடியாவிட்டால் தேசிய மனநல நிறுவகத்தின் 1926 என்ற இலக்கத்துக்கு எந்த நேரமும் அழைக்கலாம். பெற்றோர்களே, பிள்ளை பேணுதலாக இருக்கிறாள் என்று மகிழும்போது அவளுடைய கைகளையும் ஒருமுறை பாருங்கள்.

இந்தக் கட்டுரையை எழுதி முடித்ததும் உம்மாவிடம் வாசித்துக் காட்டினேன். பாத்ரூம் பைப் ஒழுகுவதாகச் சொன்ன இடத்தில் உம்மாவுக்குச் சிரிப்பு வந்தது, சட்டி தேய்த்த இடத்தில் முகத்தைத் திருப்பிக்கொண்டார். பிறகு, "குடுங்க மகள். பேர மட்டும் போடாதீங்க" என்றார். சரி என்றேன். உம்மா இவ்வளவு தூரம் வந்ததே எனக்குப் பெரிது. பெயரோடு எழுதும் நாளும் வரும், இன்ஷா அல்லாஹ்.

உயர்தரக் கலைப்பிரிவு மாணவி